துருக்கியின் வெளியுறவுக் கொள்கை: சந்தர்ப்பவாதமா, கணக்கா?

கேள்வி: பொருநைக்கரை

வணக்கம். திருநெல்வேலியில் எம்.ஏ. அரசியல் அறிவியல் இறுதியாண்டு படிக்கிறேன். எழுந்து வரும் நாடுகளின் வெளியுறவு பற்றிய தாளுக்கு ஆளுக்கொரு நாட்டை எடுத்து நீண்ட கட்டுரை எழுதித் தர வேண்டும். வகுப்பில் பாதிப் பேர் சீனாவை எடுத்துவிட்டார்கள், மீதிப் பேர் இந்தியா, பிரேசில். நான் துருக்கியை எடுத்துக்கொண்டேன். எடுத்த நாளிலிருந்து தலை சுற்றுகிறது.

1952 முதல் நேட்டோவில் இருக்கிற நாடு. அதே நாடு 2017இல் ரஷ்யாவிடம் எஸ்-400 வான் பாதுகாப்பு ஏவுகணைகளை வாங்க ஒப்பந்தம் போடுகிறது. 2019 ஜூலையில் அவை வந்து இறங்கியதும் அமெரிக்கா எஃப்-35 போர் விமானத் திட்டத்திலிருந்து துருக்கியை வெளியேற்றுகிறது. மெர்சின் மாகாணத்தில் அக்குயு அணுமின் நிலையத்தைக் கட்டுவது ரஷ்யாவின் அரசு அணுசக்தி நிறுவனமான ரோசாட்டம். ஆனால் 2022இல் ரஷ்யப் படைகள் உக்ரைனுக்குள் நுழைந்தபோது அவற்றைத் தாக்கிய பைரக்தார் டிரோன்கள் துருக்கியில் செய்தவை. ரஷ்யா மீது மேற்கு நாடுகள் போட்ட பொருளாதாரத் தடைகளில் துருக்கி சேரவில்லை. அப்புறம் ஸ்வீடன் நேட்டோவில் சேர வந்தபோது ஒன்றரை வருடத்துக்கும் மேல் இழுத்தடித்துவிட்டு 2024 ஜனவரியில் ஒப்புதல் கொடுத்தது. அந்த வாரமே அமெரிக்கா எஃப்-16 விற்பனைக்குச் சம்மதித்தது.

எங்கள் பேராசிரியர் ஒருவர் இதையெல்லாம் "சந்தர்ப்பவாதம்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். அப்படித்தானா? இதற்குள் ஒரு நிலையான கொள்கை ஓடுகிறதா? நாணயமான லிரா இப்படி விழுந்துகிடக்கும் நாட்டை எழுந்து வரும் வல்லரசு என்று சொல்லலாமா? இந்தியாவோடு ஒப்பிட்டால் எங்கே ஒத்துப்போகும், எங்கே விலகும்?

நூலகத்தில் கிடைப்பதைப் படித்துவிட்டேன். அந்தப் பக்கம் வேலை செய்தவர்கள், போய் வந்தவர்கள் யாராவது இருந்தால் கண்ணால் பார்த்ததைச் சொல்லுங்கள்.

---

பதில் 1: முத்துநகர் மாலுமி

தூத்துக்குடிக்காரன். மொத்தச் சரக்குக் கப்பலில் சீஃப் ஆபீசர். சரக்கு ஏற்றுவது, இறக்குவது, ஹோல்டு (சரக்கு அறை) சுத்தம் எல்லாம் என் பொறுப்பு. கருங்கடல் ஓட்டம் பல வருடப் பழக்கம். அதனால் எனக்குத் தெரிந்த துருக்கி கடலிலிருந்து பார்க்கிற துருக்கி. தலைநகர் அங்காராவில் யார் யாரோடு கை குலுக்கினார்கள் என்பது உனக்கே என்னைவிட நன்றாகத் தெரியும்.

முதலில் வரைபடத்தை விரித்து வைத்துக்கொள். உக்ரைன், ருமேனியா, பல்கேரியா, ஜார்ஜியா, ரஷ்யாவின் தெற்குத் துறைமுகங்கள், இத்தனைக்கும் சேர்த்து பெரிய கப்பல் வெளியே வர ஒரே கடல் வழிதான். பாஸ்பரஸ் ஜலசந்தி, அப்புறம் மர்மரா கடல், அப்புறம் டார்டனல்ஸ் ஜலசந்தி. மூன்றுக்கும் இரு கரையும் துருக்கி. பாஸ்பரஸ் சுமார் 31 கிலோமீட்டர் நீளம், மிகக் குறுகிய இடத்தில் 700 மீட்டர்தான் அகலம். ஒன்றரைக் கோடிப் பேர் வாழும் நகரத்தின் நடுவே 200 மீட்டர் நீளக் கப்பலைக் கொண்டுபோகிறோம். நீரோட்டம் இழுக்கும், கண்டில்லி பக்கத்தில் கூர்மையான வளைவு வரும், குறுக்கே பயணிகள் படகுகள் போய்க்கொண்டே இருக்கும். கப்பலை ஓட்டும் இடமான பிரிட்ஜில் அந்த நேரத்தில் யாரும் வெட்டிப் பேச்சு பேச மாட்டார்கள். 1979இல் இண்டிபெண்டென்டா என்ற ருமேனிய எண்ணெய்க் கப்பல் ஹைதர்பாஷா அருகே மோதி வெடித்து 43 மாலுமிகள் இறந்தார்கள். எங்கள் தொழிலில் அந்தப் பெயர் இன்னும் புழக்கத்தில் இருக்கிறது.

இந்த வழி யாருக்குத் திறந்திருக்கும், யாருக்கு மூடியிருக்கும் என்பதை 1936 ஜூலை 20இல் சுவிட்சர்லாந்தின் மாந்த்ரோவில் கையெழுத்தான உடன்படிக்கை தீர்மானிக்கிறது. என்னைப் போன்ற வணிகக் கப்பலுக்கு அமைதிக் காலத்தில் தடையில்லாத போக்குவரத்து. போர்க்கப்பல் என்றால் கதை வேறு. கருங்கடலில் கரையில்லாத நாட்டின் போர்க்கப்பல் உள்ளே வந்தால் 21 நாளுக்கு மேல் தங்கக் கூடாது, மொத்த எடைக்கும் வரம்பு உண்டு. போர் நடந்து, அதில் துருக்கி சேராமல் இருந்தால், சண்டை போடும் நாடுகளின் போர்க்கப்பல்கள் கடக்கக் கூடாது. தங்கள் தளத்துக்குத் திரும்பும் கப்பலுக்கு மட்டும் விலக்கு. 19ஆம் பிரிவு அது.

உன் கேள்விக்கு என் பதில் இந்த 19ஆம் பிரிவிலிருந்துதான் தொடங்குகிறது.

2022 பிப்ரவரி கடைசியில் ரஷ்யா தன் படையெடுப்பைப் "போர்" என்று சொல்லவே மறுத்தது. துருக்கியின் வெளியுறவு அமைச்சர் சாவுஷோலு இது போர்தான் என்று வெளிப்படையாகச் சொன்னார். சொன்ன உடனே 19ஆம் பிரிவு உயிர் பெற்றுவிட்டது. அந்த ஏப்ரலில் ரஷ்யாவின் கருங்கடல் படை தன் தலைமைக் கப்பலான மாஸ்க்வாவை இழந்தது. அதே வகையைச் சேர்ந்த வார்யாக், மார்ஷல் உஸ்தினோவ் இரண்டும் மத்தியத் தரைக்கடலில் இருந்தும் உள்ளே வந்து அந்த இடத்தை நிரப்ப முடியவில்லை. துருக்கி ஒரு குண்டு சுடவில்லை, ஒரு தடையில் சேரவில்லை, ரஷ்யக் கடற்படையின் கையைக் கட்டிவிட்டது.

இதோடு நிறுத்தினால் துருக்கி மேற்குப் பக்கம் என்று எழுதிவிடுவாய். மறுபக்கத்தையும் பார். கரையுள்ள நாடு, கரையில்லாத நாடு என்று பிரிக்காமல், யாருமே போர்க்கப்பல் அனுப்ப வேண்டாம் என்று துருக்கி கேட்டுக்கொண்டது. நேட்டோ கப்பல்களும் வரவில்லை. 2024 ஜனவரியில் பிரிட்டன் உக்ரைனுக்குக் கொடுத்த கண்ணிவெடி அகற்றும் கப்பல்களையும் கடக்க விட முடியாது என்று சொல்லிவிட்டது. தன் கூட்டணி நாடு, அதுவும் வெடி அகற்றத்தானே வருகிறது என்று பார்க்கவில்லை. அதற்குப் பதிலாக அந்த மாதமே ருமேனியா, பல்கேரியாவோடு சேர்ந்து கண்ணிவெடி அகற்றும் குழு ஒன்றை இஸ்தான்புல்லில் கையெழுத்திட்டு அமைத்தது. கருங்கடல் வேலையைக் கருங்கடல் நாடுகளே பார்த்துக்கொள்ளும் என்பது அதன் பொருள். வாஷிங்டனும் மாஸ்கோவும் இரண்டுமே அந்தக் கடலில் அதிகம் பெரிதாகிவிடக் கூடாது என்பதுதான் துருக்கியின் பழைய, மாறாத ஆசை. உன் பேராசிரியர் சந்தர்ப்பவாதம் என்று சொல்வதற்கு அடியில் ஓடுகிற நிலையான கொள்கை இதுதான் என்று நான் நினைக்கிறேன்.

கண்ணிவெடி என்றதும் நினைவு வருகிறது. 2022 மார்ச் 26இல் பாஸ்பரஸின் வடக்கு வாய்க்குப் பக்கத்தில் மிதவை வெடி ஒன்று அலைந்து வந்து, ஜலசந்தியைக் கொஞ்ச நேரம் மூடினார்கள். அதற்குப் பிறகு கருங்கடலில் பகல் வெளிச்சத்தில் முன்தளத்தில் ஆள் நிறுத்திப் பார்த்துக்கொண்டே போவோம். துடுப்புக் கட்டை, பிளாஸ்டிக் டிரம், இறந்த டால்பின், எதைப் பார்த்தாலும் பையன்கள் வாக்கிடாக்கியில் கூப்பிடுவார்கள். இந்தக் கடலில் அமைதி இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்று கேட்பவர்களுக்கு அந்த வேலையை ஒரு முறை கொடுக்க வேண்டும்.

அடுத்து, போருக்கு நடுவே உக்ரைன் தானியம் கடல் வழியே வெளியேற வழி செய்த தானிய ஒப்பந்தம். 2022 ஜூலை 22, இஸ்தான்புல் டோல்மாபாஹ்சே அரண்மனை. ரஷ்யாவும் உக்ரைனும் ஒரே தாளில் கையெழுத்துப் போடச் சம்மதிக்கவில்லை. அதனால் தனித்தனித் தாள். இரண்டிலும் துருக்கியும் ஐ.நா.வும் கையெழுத்திட்டன. ஆகஸ்ட் 1இல் ரஸோனி என்ற கப்பல் ஒடேசாவிலிருந்து 26,000 டன்னுக்கு மேல் சோளத்தோடு முதலில் கிளம்பியது. ஒப்பந்தப்படி போகும்போதும் வரும்போதும் இஸ்தான்புல் பக்கத்தில் நங்கூரமிட்டு, நான்கு தரப்பும் சேர்ந்த குழுவின் சோதனைக்குக் காத்திருக்க வேண்டும்.

எங்கள் கப்பல் சோர்னோமோர்ஸ்க் துறைமுகத்தில் சோளம் ஏற்றி வந்தது. சோதனைக்கு வரிசை நீண்டு கிடந்தது, சில காலம் நூறு கப்பலுக்கு மேல்கூட நின்றிருக்கிறது. குழு ஏறியதும் ஹோல்டு மூடிகளைத் திறந்து காட்டுவது என் வேலை. ரஷ்யர் ஒருவர், உக்ரைனியர் ஒருவர், ஐ.நா. ஆள், துருக்கி அதிகாரி. நான்கு பேரும் ஒரே ஹோல்டின் விளிம்பில் நின்று உள்ளே எட்டிப் பார்க்கிறார்கள். ரஷ்யருக்கும் உக்ரைனியருக்கும் ஒரே மொழி தெரியும். ஆனால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. ரஷ்யர் தன் சந்தேகத்தை ஆங்கிலத்தில் துருக்கி அதிகாரியிடம் கேட்டார். அவர் என்னிடம் கேட்டார். நான் சொன்னதை உக்ரைனியரும் குறித்துக்கொண்டார். படிவத்தை ஒருவர் கையிலிருந்து வாங்கி இன்னொருவர் கையில் கொடுத்ததும் அந்தத் துருக்கி அதிகாரிதான். அவர் இல்லாவிட்டால் அந்தத் தாள் அரை மீட்டர் தூரம் நகர்ந்திருக்காது. கப்பலில் இருந்த சோளம் எகிப்துக்குப் போக வேண்டியது. அங்கே உணவு விலை ஏறினால் தெருவில் என்ன நடக்கும் என்பது உலகத்துக்கே தெரியும்.

2022 அக்டோபர் கடைசியில் தன் கடற்படைத் தளமான செவஸ்தபோல் மீது நடந்த தாக்குதலைக் காரணம் சொல்லி ரஷ்யா ஒப்பந்தத்திலிருந்து விலகியது. துருக்கியும் ஐ.நா.வும் சோதனையை நிறுத்தவில்லை, கப்பல்கள் நகர்ந்தன. துருக்கி அதிபர் எர்டோவான் புதினோடு தொலைபேசியில் பேசினார், சில நாளில் ரஷ்யா திரும்பி வந்தது. கடைசியில் 2023 ஜூலை 17இல் ரஷ்யா ஒரேயடியாக விலகியபோது சுமார் 3 கோடியே 30 லட்சம் டன் உணவுப் பொருள் வெளியே போயிருந்தது.

நம் தாமிரபரணிக் கால்வாயில் மடையைத் திறந்து அடைக்கும் நீர்பாய்ச்சியை உனக்குத் தெரியும். தண்ணீர் அவருடையது கிடையாது, வயலும் கிடையாது. ஆனால் மேல்மடைக்காரனும் கீழ்மடைக்காரனும் வெட்டுக்குத்து வரை போனாலும் அவரை மட்டும் பகைத்துக்கொள்ள மாட்டார்கள். முறை மாறாமல் திறக்கிறார் என்ற நம்பிக்கை இருக்கும் வரைதான் அவருக்கு அந்த மரியாதை. துருக்கியின் செல்வாக்கு இந்த வகை. அதனால்தான் கருங்கடல் விஷயத்தில் 1936 தாளை விட்டு அவர்கள் இம்மியும் நகர்வதில்லை.

அதே தாளை வைத்துப் பணமும் பார்க்கிறார்கள், அதையும் எழுது. ஜலசந்தி கடக்கும் கட்டணத்தை மாந்த்ரோவில் தங்க ஃபிராங்க் என்ற பழைய நாணயக் கணக்கில் நிர்ணயித்தார்கள். துருக்கி நெடுங்காலமாகத் தள்ளுபடி விலையில் வாங்கிவந்தது. நெட் டன்னுக்கு 80 சென்ட். 2022 அக்டோபரில் அதை 4 டாலராக்கினார்கள். ஒரேயடியாக ஐந்து மடங்கு. உடன்படிக்கையை மீறவில்லை, தள்ளுபடியைக் குறைத்தோம் என்றார்கள். ஏஜென்ட் பில்லைப் பார்த்த எங்கள் கேப்டன் வாயடைத்துப் போனார்.

---

பதில் 2: சேலம் கல்வணிகம்

மாலுமி ஐயா எழுதியது நன்றாக இருக்கிறது. ஆனால் இந்தப் பக்கத்தையும் சொல்லாமல் விட முடியாது.

நாங்கள் பளிங்குக் கல் வியாபாரம். துருக்கி பெய்ஜ் கல் நம் ஊரில் நன்றாக ஓடும், தரத்தில் குறை சொல்ல முடியாது. 2025 மே மாதத்துக்குப் பிறகு வாடிக்கையாளர் கடைக்குள் வந்து கேட்கும் முதல் கேள்வி "இது எந்த நாட்டுக் கல்?" உதய்ப்பூர் வியாபாரிகள் துருக்கிக் கல்லே வேண்டாம் என்று முடிவெடுத்தார்கள். நானும் நிறுத்தினேன். நஷ்டம் வந்தது, அதைப் பற்றி எனக்கு வருத்தம் இல்லை.

ஏன் நிறுத்தினேன் என்று மாணவர் புரிந்துகொள்ள வேண்டும். 2023 பிப்ரவரி 6 நிலநடுக்கத்தில் துருக்கியில் மட்டும் 50,000 பேருக்கு மேல் இறந்தார்கள். "ஆபரேஷன் தோஸ்த்" என்று பெயர் வைத்து இந்தியா உடனடியாகத் தேசிய பேரிடர் மீட்புப் படையை அனுப்பியது. நம் ராணுவம் இஸ்கெண்டெருனில் கள மருத்துவமனை அமைத்து ஆயிரக்கணக்கானவர்களுக்கு வைத்தியம் பார்த்தது. இரண்டு வருடம் கழித்து, பஹல்காமில் நம் மக்கள் கொல்லப்பட்ட பிறகு நடந்த மோதலில் துருக்கி பாகிஸ்தான் பக்கம் நின்றது. நம் மேல் பறந்து வந்த டிரோன்கள் துருக்கியின் சோங்கார் வகை என்று முதற்கட்ட ஆய்வு காட்டுவதாக நம் ராணுவமே செய்தியாளர் கூட்டத்தில் சொன்னது. 2019இலேயே ஐ.நா. பொதுச்சபையில் எர்டோவான் காஷ்மீரை எழுப்பினார். மே 15இல் நம் அரசு துருக்கியின் செலெபி நிறுவனத்தின் பாதுகாப்பு அனுமதியை ரத்து செய்ததே, அந்த நிறுவனம் சென்னை விமான நிலையத்திலும் தரைப்பணி செய்துவந்தது.

முறை மாறாமல் நடப்பவர் என்று ஐயா சொல்கிறார். 1974இல் சைப்ரஸுக்குள் படையை இறக்கி, வடக்குப் பகுதியை இன்றுவரை வைத்திருக்கிறதே, அது எந்த முறை? அந்த வடக்கு சைப்ரஸை துருக்கியைத் தவிர உலகில் எந்த நாடும் அங்கீகரிக்கவில்லை. சிரியாவுக்குள் 2016 முதல் படை நடத்தியது எந்த முறை? கருங்கடலில் சட்டம் தனக்குச் சாதகம், அதனால் சட்டம் பேசுகிறது. மற்ற இடத்தில் பலம் சாதகம், அதனால் பலம் பேசுகிறது. பேராசிரியர் சொன்ன ஒரு சொல் அவ்வளவு தப்பு என்று எனக்குத் தோன்றவில்லை.

---

பதில் 3: நைரோபி நாகராஜன்

மருத்துவமனைக் கருவிகளைப் பொருத்திப் பராமரிக்கும் வேலை. கென்யாவில் இருக்கிறேன், வேலை நிமித்தம் சோமாலியத் தலைநகர் மொகதிஷுவுக்கும் போவேன். கருங்கடலையும் காஷ்மீரையும் மட்டும் வைத்துத் துருக்கியை எழுதினால் பாதிதான் வரும். ஆப்பிரிக்கா விட்டுப்போகும்.

2011இல் சோமாலியாவில் கடும் பஞ்சம். இரண்டரை லட்சம் பேர் இறந்ததாகப் பின்னால் மதிப்பிட்டார்கள், அதில் பாதிக்குமேல் சின்னக் குழந்தைகள். அப்போது பெரும்பாலான நாடுகளின் தூதர்கள் சோமாலியா விவகாரத்தை நைரோபியில் உட்கார்ந்துதான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்த ஆகஸ்டில் எர்டோவான் தன் மனைவி, அமைச்சர்களோடு மொகதிஷுவில் வந்து இறங்கினார். முகாம்களுக்குள் நடந்தார். ஆப்பிரிக்காவுக்கு வெளியிலிருந்து ஒரு நாட்டின் தலைவர் அங்கே வந்து சுமார் இருபது வருடம் ஆகியிருந்தது. இன்றும் சோமாலிய நண்பர்கள் அதைச் சொல்லும்போது குரல் மாறும். அந்தக் காலத்தில் பிறந்த பிள்ளைகளுக்கு அவர் பெயரையும், பெண் பிள்ளைகளுக்கு இஸ்தான்புல் என்றும் பெயர் வைத்த குடும்பங்கள் உண்டு.

வந்து போனதோடு நிற்கவில்லை. 2012 மார்ச்சில் டர்கிஷ் ஏர்லைன்ஸ் மொகதிஷுவுக்குப் பறக்க ஆரம்பித்தது. பெரிய சர்வதேச விமான நிறுவனம் எதுவும் அங்கே போகாத காலம் அது. விமான நிலையத்தையும் துறைமுகத்தையும் துருக்கி நிறுவனங்கள் எடுத்து நடத்தின. பழைய டிக்ஃபேர் மருத்துவமனையைப் புதுப்பித்து 2015இல் திறந்தார்கள், பெயர் எர்டோவான் மருத்துவமனை. அங்கே நான் கவனித்த ஒன்று: துருக்கி மருத்துவர்கள் பக்கத்திலேயே சோமாலிய இளம் மருத்துவர்களை நிறுத்திப் பழக்குகிறார்கள். நன்கொடையாக வந்த கருவி பழுதானால் சரி செய்ய ஆள் இல்லாமல் மூலையில் போட்டு வைப்பதை ஆப்பிரிக்காவில் எத்தனையோ இடத்தில் பார்த்து நொந்திருக்கிறேன். உதிரிபாகத்தோடும் ஆளோடும் வருகிற உதவிக்கு இருக்கும் மதிப்பே தனி.

இது தர்மம் மட்டும் கிடையாது, அதையும் சொல்லிவிடுகிறேன். 2017இல் துருக்கி தன் மிகப் பெரிய வெளிநாட்டு ராணுவப் பயிற்சித் தளத்தை மொகதிஷுவில் திறந்தது. 2024இல் பாதுகாப்பு, கடல்சார் ஒப்பந்தம் போட்டது. அதே வருடம் ஒருச் ரெய்ஸ் என்ற ஆய்வுக் கப்பல் சோமாலியக் கடலில் எண்ணெய் தேட வந்தது. 2002இல் ஆப்பிரிக்காவில் 12 தூதரகம் வைத்திருந்த நாடு இப்போது 44 வைத்திருக்கிறது. 2024 டிசம்பரில் எத்தியோப்பியாவும் சோமாலியாவும் கடல் வழிப் பிரச்சினையில் முறைத்துக்கொண்டு நின்றபோது, இரண்டு நாட்டுத் தலைவர்களையும் அங்காராவில் உட்கார வைத்துக் கூட்டறிக்கை வாங்கியது துருக்கி. பஞ்ச காலத்தில் தொடங்கிய உறவு பதின்மூன்று வருடத்தில் அந்த இடத்துக்கு வந்திருக்கிறது.

சேலம் ஐயாவின் கோபம் எனக்குப் புரிகிறது, நானும் இந்தியன்தான். ஆனால் நமக்குப் பிடிக்காததைச் செய்கிற நாடு என்பதால் அதன் திறமையைப் படிக்காமல் விட்டால் நஷ்டம் நமக்குத்தான்.

---

பொருநைக்கரை:

மூவருக்கும் நன்றி. மாலுமி அண்ணாச்சி, சேலம் ஐயா கேட்டது எனக்கும் இடிக்கிறது. சைப்ரஸையும் சிரியாவையும் வைத்துக்கொண்டு துருக்கியை முறை காப்பவர் என்று எப்படிச் சொல்வது? அப்புறம் லிரா பற்றியும் இந்தியா பற்றியும் கேட்டிருந்தேனே, அதையும் சொல்லுங்கள்.

---

பதில் 4: முத்துநகர் மாலுமி

சேலம் ஐயா சைப்ரஸ் பற்றிச் சொன்னது சரி, சிரியா பற்றிச் சொன்னதும் சரி. நான் நீர்பாய்ச்சி என்று சொன்னது கருங்கடல் வாயிலுக்கு மட்டும். அதே நாடு தன் தெற்கு எல்லையில் வேறு ஆளாக நடந்துகொள்கிறது. அங்கே அதற்கு முக்கியம் குர்து ஆயுதக் குழுக்கள், லட்சக்கணக்கில் வந்து சேர்ந்த சிரிய அகதிகள். 2009இல் வெளியுறவு அமைச்சரான தாவுதோலு "அண்டை நாடுகளோடு பிரச்சினையே இல்லை" என்ற கொள்கையை முன்வைத்தார். சிரியா உள்நாட்டுப் போர் வந்ததும் அது சிதறிவிட்டது. கட்டுரையில் இந்த இரண்டு துருக்கியையும் தனித்தனியாக எழுது. ஒன்றை வைத்து இன்னொன்றை மறைக்காதே.

பலத்தைக் காட்டியபோது என்ன விலை கொடுத்தார்கள் என்பதற்கு 2015ஐப் பார். அந்த நவம்பர் 24இல் சிரியா எல்லையில் ரஷ்யாவின் சு-24 விமானத்தைச் சுட்டு வீழ்த்தினார்கள். ரஷ்யா பதிலுக்கு ஏவுகணை விடவில்லை. சுற்றுலா விமானங்களை நிறுத்தியது, தக்காளி வாங்குவதை நிறுத்தியது. அந்தால்யா பக்கம் ஹோட்டல் நடத்துபவர்களும் பசுமைக்குடில் விவசாயிகளும் தவித்துப் போனார்கள். அடுத்த ஜூனில் எர்டோவான் வருத்தம் தெரிவித்துக் கடிதம் அனுப்பினார். இயற்கை எரிவாயுவில் நாற்பது சதவீதத்துக்கு மேல் ரஷ்யாவிடம் வாங்குகிற நாடு அது. தக்காளியும் எரிவாயுவும் புரிந்தால், தடைகளில் ஏன் சேரவில்லை என்பதும் புரிந்துவிடும்.

மேற்கிடமும் இதே கதை. பைரக்தார் டிபி-2 டிரோனைத் துருக்கியின் பெருமை என்கிறார்கள், பெருமைதான். லிபியாவிலும், அர்மீனியாவும் அஜர்பைஜானும் மோதிய கராபாக்கிலும், உக்ரைனிலும் அது போரின் போக்கை மாற்றியது. ஆனால் 2020இல் கராபாக் போர் நடக்கும்போது கனடா அதன் கேமராவைத் தர மாட்டேன் என்று நிறுத்தியது. ஆஸ்திரிய இன்ஜினுக்கும் சிக்கல் வந்தது. அதற்குப் பிறகுதான் கேமராவையும் இன்ஜினையும் சொந்தமாகச் செய்ய வேகம் பிடித்தார்கள்.

லிரா விஷயம். 2013 தொடக்கத்தில் ஒரு டாலருக்கு 2 லிராகூட இல்லை. 2024 கடைசியில் 35 லிரா. 2022 அக்டோபரில் அரசு கணக்கிலேயே விலைவாசி உயர்வு 85 சதவீதம். இஸ்தான்புல்லின் காரக்கோய் பக்கம் நாங்கள் கரை இறங்கினால் சாப்பிடுகிற சின்னக் கடை ஒன்று உண்டு. ஒரு காலத்தில் விலையை அச்சடித்து மாட்டியிருந்தார்கள். பிறகு கரும்பலகையில் சாக்பீஸால் எழுத ஆரம்பித்தார்கள். கடைக்காரர் உலக அரசியலில் தன் நாடு பெரிய ஆளாகிவிட்டது என்று சந்தோஷமாகத்தான் பேசுவார். பேசிக்கொண்டே அந்த மாத வாடகையை எப்படிக் கட்டப்போகிறேன் என்பதையும் சொல்வார். வெளியே செல்வாக்கு வளர்வதும் உள்ளே வீட்டுச் செலவு கழுத்தை நெரிப்பதும் ஒரே நேரத்தில் நடக்கும். எழுந்து வரும் நாடு என்று எழுதினால் அந்தக் கடைக்காரரையும் சேர்த்து எழுது.

இந்தியா. ஒத்துப்போவது: இரண்டு நாடும் ரஷ்யா மீதான தடைகளில் சேரவில்லை. இரண்டும் எஸ்-400 வாங்கின. இரண்டும் ஐ.நா. பாதுகாப்பு சபை ஐந்து பேர் கையில் இருப்பதை எதிர்க்கின்றன. விலகுவது: 2022 மார்ச் 2 ஐ.நா. பொதுச்சபைத் தீர்மானத்தில் துருக்கி ரஷ்யாவைக் கண்டித்து வாக்களித்தது, இந்தியா வாக்களிக்காமல் ஒதுங்கியது. துருக்கி ஒரு ராணுவக் கூட்டணிக்குள் இருந்துகொண்டு உள்ளிருந்தே பேரம் பேசுகிறது. நேட்டோவில் எல்லோரும் ஒத்துக்கொண்டால்தான் புது உறுப்பினர் வர முடியும் என்பதால் துருக்கியின் ஒரு வாக்குக்கு அவ்வளவு விலை. ஸ்வீடன் விஷயத்தில் நீ பார்த்தது அதைத்தான். இந்தியா எந்த ராணுவக் கூட்டணியிலும் இல்லை, அதனால் அந்தப் பேரமும் இல்லை, அந்தக் கட்டும் இல்லை. எஸ்-400 வாங்கியதற்குத் துருக்கி மீது அமெரிக்கா 2020 டிசம்பரில் தடை போட்டது, இந்தியா மீது போடவில்லை. கூட்டாளி செய்தால் துரோகம், நண்பர் செய்தால் கருத்து வேறுபாடு என்று எடுத்துக்கொள்கிறார்கள்.

சேலம் ஐயாவுக்கும் ஒன்று. இந்தியாவும் சும்மா இருக்கவில்லை. துருக்கியின் பழைய பகையாளிகள் யாரோ அவர்களோடு நெருங்குகிறது. அர்மீனியாவுக்கு பினாகா ராக்கெட் ஏவிகள் விற்றது, கிரேக்கத்தோடு உறவை உயர்த்தியது, 2025 ஜூனில் பிரதமர் சைப்ரஸுக்கே போனார். பளிங்குக் கல்லைவிட அங்காராவுக்கு அது நன்றாகவே உறைத்திருக்கும்.

கட்டுரையை எங்கே முடிப்பது என்று கேட்டால், நான் உன் இடத்தில் இருந்தால் ஜலசந்தியை விட்டு வெளியே வர மாட்டேன். பாஸ்பரஸுக்கு மேற்கே இஸ்தான்புல் கால்வாய் என்று புதிதாக ஒன்று வெட்டும் திட்டம் எர்டோவானுக்கு உண்டு. அது வந்தால் மாந்த்ரோ விதி அந்தக் கால்வாய்க்குப் பொருந்துமா என்பது பெரிய சண்டை. 2021 ஏப்ரலில் ஓய்வு பெற்ற 104 அட்மிரல்கள் மாந்த்ரோவில் கை வைக்கக் கூடாது என்று அறிக்கை விட்டார்கள். அவர்களில் பத்துப் பேரைப் போலீஸ் பிடித்து விசாரித்தது. அந்தத் தாளைக் காப்பாற்றினால்தான் நாடு பெரிது என்று நினைக்கும் துருக்கியும், அதைத் தாண்டிப் போனால்தான் பெரிது என்று நினைக்கும் துருக்கியும் அங்கே நேருக்கு நேர் நின்றன.

உடன்படிக்கையில் மொத்தம் 29 பிரிவுகள்தான், ஓர் இரவில் படித்துவிடலாம். 19, 20, 21 மூன்றையும் மெதுவாகப் படி. போரில் துருக்கி சேராவிட்டால் என்ன, சேர்ந்தால் என்ன, போர் வரப்போகிறது என்று துருக்கிக்கே பயம் வந்தால் என்ன என்று அந்த மூன்றும் வரிசையாகச் சொல்லும். வெள்ளிக்கிழமை கொழும்பில் கப்பல் ஏறுகிறேன். அதற்குள் சந்தேகம் வந்தால் இங்கேயே கேள்.